நான்கு யாம உடன்படிக்கை: சமமாகப் பிரித்த இரவில் ஏன் சண்டை?

துலாக்கால் — வெள்ளி, இரவு 9.10

கனாக்கரைக் கதையைத் தொடர்ந்து வாசிக்கிறவர்களுக்குப் பின்னணி தெரியும். புதிதாக வந்தவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நித்திரை கொள்கிற எல்லாரும் போய்ச் சேருகிற கரை அது. நான்கு குடிகள் அதை ஆளுகின்றன. மாலைக் குடி அன்றைய பகலில் நடந்ததைத் துண்டு துண்டாகக் காட்டும். ஆழக் குடி எதையுமே காட்டாது, ஆளை அடியில் கொண்டுபோய் வைத்திருக்கும். மூத்தோர் குடி செத்துப்போனவர்களைக் கூட்டி வரும். விடியற் குடியின் கையில் பலிக்கிற கனவு இருக்கிறது. நூறு வருடச் சண்டைக்குப் பிறகு நால்வரும் ஒரே கல்லில் கை வைத்துச் செய்துகொண்டதுதான் நான்கு யாம உடன்படிக்கை.

அதன்படி பின்னேரம் ஆறு மணியிலிருந்து காலை ஆறு மணி வரை இரவை நான்காக வெட்டினார்கள். குடிக்கு ஒரு யாமம், யாமத்துக்கு ஏழரை நாழிகை, நம் கணக்கில் மூன்று மணித்தியாலம். ஒரு குடியின் யாமத்தில் மற்றக் குடி கரையில் கால் வைக்கக் கூடாது. கரையைப் பரப்புக் கணக்கில் அளக்க முடியாது, நேரத்தால் மட்டும்தான் அளக்கலாம் என்பதால் இப்படிச் செய்தார்கள்.

நாங்கள் நாலைந்து பேர் ஞாயிறு பின்னேரங்களில் யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் ஒரு வீட்டுத் திண்ணையில் இருந்து, ஆளுக்கொரு குடியாகப் பேசிப் பேசி இந்தக் கதையை எழுதுகிறோம். போன ஞாயிறு உடன்படிக்கை உடைகிற கட்டம் வந்தது. ஏன் உடைகிறது என்பதில் ஒத்துவரவில்லை. விடியற் குடியின் பேராசை என்றார் ஒருவர். துரோகி ஒருவனைக் கொண்டுவா என்றார் இன்னொருவர். எனக்கு இரண்டிலும் சம்மதமில்லை. நான்கு குடியும் நேர்மையாக நடந்தாலும் இந்த உடன்படிக்கை உடையும். அதன் முதல் வரியிலேயே பிழை இருக்கிறது.

இதை நான் புத்தகத்தில் படித்து அறியவில்லை, எங்கள் அம்மம்மாவின் வளவுக் கிணற்றடியில் தெரிந்துகொண்டேன். அது நாலு வீட்டுக்குப் பங்கான கிணறு. யாழ்ப்பாணத்தில் ஆறு என்று சொல்ல வழுக்கையாறு ஒன்றுதான், அதுவும் மாரியில் மட்டும் ஓடும். மற்றதெல்லாம் சுண்ணாம்புக் கல்லுக்குள் இறங்கி நிற்கிற மழைத் தண்ணீர். வெங்காயம் வைத்திருக்கிறவனுக்குக் கிணற்று முறைதான் உயிர். எங்கள் கிணற்றில் வீட்டுக்கு இரண்டு மணித்தியாலம் என்று பிரித்திருந்தது. காலை ஐந்து மணிக்கு முதல் வீடு மிஷினைத் தொடக்கும். இரவு முழுக்க ஊறின தண்ணீர், மேலிருந்து மூன்றாவது கல்வரிசை வரை நிற்கும். ஏழு மணிக்கு இரண்டாம் வீடு, ஒன்பதுக்கு மூன்றாம் வீடு, பதினொன்றுக்கு நாங்கள். எங்கள் முறை தொடங்கி அரை மணித்தியாலம் போகாது, குழாய் காற்று இழுக்கும். மிஷின் சத்தம் மாறுவதை அம்மம்மா குசினிக்குள் இருந்தே கண்டுபிடித்து “நிப்பாட்டு, நிப்பாட்டு” என்று குரல் கொடுப்பா. நிப்பாட்டிவிட்டு, ஊறட்டும் என்று கிணற்றுக் கட்டில் குந்தியிருப்போம். நேரம் போய்க்கொண்டே இருக்கும். ஒரு மணியானால் முறை முடிந்தது. கடைசி நாலு பாத்திக்கும் வாளியால் தூக்கி ஊற்றுவோம். வெயில் ஏறிய மண்ணில் அந்தத் தண்ணீர் விழும்போது வருகிற சூட்டு மணம் இன்றைக்கும் மூக்கில் நிற்கிறது.

அந்தக் கிணற்றில் யாரும் களவெடுக்கவில்லை. நேரம் எல்லாருக்கும் சமமாகத்தான் இருந்தது. தண்ணீர்தான் சமமில்லை. கனாக்கரையிலும் இதுதான் நடக்கிறது என்று நினைக்கிறேன். இரவின் நான்கு யாமமும் ஒரே கனம்தானா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சாமக்கோழி — வெள்ளி, இரவு 11.35

அண்ணா, நான் இரவுக் கடமை செய்கிற தாதி. நான்கு யாமமும் ஒரே கனம் இல்லவே இல்லை.

1953இல் சிக்காகோ பல்கலைக்கழகத்தில் அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்ற இருவர் நித்திரையில் கண்விழி வேகமாக அசைகிற நேரம் ஒன்று இருப்பதைக் கண்டு எழுதினார்கள். அந்த நேரத்தில் எழுப்பினால் பெரும்பாலானவர்கள் கனவு கண்டுகொண்டிருந்ததாகச் சொல்வார்கள். நித்திரை ஏறத்தாழ 90 நிமிடச் சுற்றுகளாகப் போகும். முதல் சுற்றில் இந்தக் கண்ணசைவு நேரம் பத்து நிமிடம் அளவில்தான் இருக்கும். விடிய விடிய அது நீண்டு அரை மணித்தியாலத்தையும் தாண்டும். ஆழ்ந்த நித்திரை இதற்கு நேர்மாறு, முன்னிரவிலேயே பெரும்பகுதி முடிந்துவிடும்.

வார்டில் இதைக் கண்ணால் காணலாம். பன்னிரண்டு மணிக்கு ஊசிக்கு எழுப்பினால் தன் பெயரைச் சொல்லவே ஆளுக்கு நேரமெடுக்கும். நாலரைக்குப் பிரஷர் பார்க்கத் தொட்டால் கண்ணைத் திறக்க முதலே கதைக்கத் தொடங்கிவிடுவார்கள். போன மாதம் ஒரு ஐயா என் கையைப் பிடித்துக்கொண்டு “இப்பதான் தம்பி வந்திட்டுப் போறான், சாப்பிட்டவனோ தெரியேல்லை” என்றார். தம்பி இறந்து பல வருடமாம்.

ஆகவே உங்கள் உடன்படிக்கையில் நிறைகிணறு விடியற் குடிக்குப் போயிருக்கிறது. மூத்தோர் குடியின் யாமம் பன்னிரண்டிலிருந்து மூன்று வரை. அந்த ஐயாவின் தம்பி வந்தது நாலரைக்கு. சட்டப்படி அவர் அத்துமீறித்தான் வந்திருக்கிறார். மாலைக் குடியின் நிலை இன்னும் பாவம். ஆறுக்கும் ஒன்பதுக்கும் இடையில் யார் நித்திரை கொள்கிறார்கள்? கைக்குழந்தையும் காய்ச்சல்காரரும்தான்.

விடியற்காலைக் கனவு பலிக்கும் என்று நம் ஆட்கள் சொல்வதற்கும் இதில் ஒரு காரணம் இருக்கலாம். அந்தக் கனவோடுதான் கண் விழிக்கிறோம், அதனால் அதுதான் மனதில் நிற்கிறது.

துலாக்கால் — சனி, காலை 6.20

தங்கச்சி, மாலைக் குடிக்கு ஆறு மணியைக் கொடுத்தபோது இதை யோசிக்கவே இல்லை. அந்தக் குடி ஆளில்லாத கரையைத்தான் ஆண்டுகொண்டு இருந்திருக்கிறது. அந்த ஐயா சொன்னதை வாசித்துவிட்டு இரவு வெகுநேரம் நித்திரை வரவில்லை.

எங்கள் கிணற்றுக்குப் பிறகு என்ன நடந்தது என்பதையும் சொல்லவேண்டும். ஒரு பங்காளி கோபத்தில் மோட்டர் கொட்டிலைப் பூட்டித் திறப்பைக் கொண்டுபோய்விட்டார். மூன்று கிழமை நாலு வீட்டுத் தோட்டமும் காய்ந்தது. அதன் பிறகுதான் பெரியவர்கள் கூடி, முறையைச் சுழலவிட்டார்கள். இந்தக் கிழமை முதலில் இறைத்தவர் அடுத்த கிழமை கடைசிக்குப் போவார், மற்ற மூவரும் ஒரு படி முன்னுக்கு வருவார்கள். நாலு கிழமைக்கு ஒருமுறை எங்களுக்கும் ஐந்து மணித் தண்ணீர் கிடைத்தது. அந்தக் கிழமைகளில் அம்மம்மா நாலு மணிக்கே எழும்பித் தேத்தண்ணீர் வைத்துவிடுவா.

கனாக்கரைக்கும் அதையே எழுதலாம் என்று நினைக்கிறேன். ஒரு பூரணையிலிருந்து அடுத்த பூரணை வரை ஒரு வரிசை, பிறகு சுழற்சி. இரவு ஆறு மணிக்குத் தொடங்குகிறது என்பதையும் விட்டுவிடலாம். ஆள் கண் மூடுகிற நேரம்தான் முதல் யாமத்தின் தொடக்கம்.

பனங்கூடல் — சனி, காலை 10.05

வரலாறு படிப்பிக்கிறவன் என்ற முறையில் சிலது சொல்கிறேன்.

சுழற்சி உலகத்தில் இல்லாத ஒன்றல்ல. பிரான்சுக்கும் ஸ்பெயினுக்கும் நடுவில் பிடசோவா ஆற்றில் ஃபெசன்ட் தீவு என்று ஒரு சின்னத் தீவு இருக்கிறது. 1659இல் இரண்டு நாடும் பிரனீசு உடன்படிக்கை செய்தது அங்கேதான். இன்றைக்கும் பெப்ரவரியிலிருந்து யூலை வரை அது ஸ்பெயினுக்கு, ஓகஸ்டிலிருந்து சனவரி வரை பிரான்சுக்கு. ஆனால் அங்கே ஒருவரும் குடியிருக்கவில்லை. ஆளில்லாத இடத்தை மாறி மாறி ஆளுவது சுலபம்.

ஆள் இருக்கிற இடத்தில் என்ன நடக்கும் என்பதற்கு நியூ ஹெப்ரிடீசைப் பாருங்கள். 1906இலிருந்து பிரித்தானியாவும் பிரான்சும் சேர்ந்து ஆண்ட தீவுக்கூட்டம், 1980இல் வனுவாட்டு என்று சுதந்திரமானது. இரண்டு பொலிஸ், இரண்டு சிறை, இரண்டு சட்டம். பிரெஞ்சுக்காரனுக்குப் பிரெஞ்சுச் சட்டம், ஆங்கிலேயனுக்கு ஆங்கிலச் சட்டம். அந்த மண்ணில் பிறந்தவர்கள் இரண்டு நாட்டுக்குமே பிரசைகள் இல்லை. உடன்படிக்கை எழுதியவர்கள் அவர்களை ஒரு தரப்பாக எண்ணவே இல்லை.

உங்கள் உடன்படிக்கையிலும் அதே குறைதான். நான்கு குடியும் கல்லில் கை வைத்தார்கள், சரி. உறங்குகிறவன் எங்கே கை வைத்தான்? கரைக்குப் போவது அவன், பயப்படுவது அவன், அழுதுகொண்டு எழும்புவதும் அவன்தான். அவனுக்கு ஒரு வரியும் இல்லை. யாமத்தைச் சுழலவிட்டாலும் நேராக விட்டாலும் அவனைக் கேட்காமல்தானே செய்கிறீர்கள்?

இன்னொரு கேள்வி. கல்லில் கை வைத்த அன்று யாருடைய படை கரையில் நின்றது? 1591இல் நல்லூரில் போர்த்துக்கேயர் யாழ்ப்பாண அரசனைக் கொன்று, எதிர்மன்னசிங்கனை அரியணையில் இருத்திச் செய்த உடன்பாடும் உடன்பாடு என்றுதான் பெயர் பெற்றது. மறுக்க வழியில்லாதவன் வைத்த கையெழுத்து அது. எந்தக் குடி மறுக்க வழியில்லாமல் நின்றது என்று தெரிந்தால் மாலைக் குடிக்கு ஏன் வெறும் யாமம் போனது என்பதும் விளங்கும்.

ஒழுங்கைமுனை — சனி, பகல் 12.40

ஒன்று மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன். 1957 யூலை 26இல் பிரதமர் பண்டாரநாயக்காவும் தமிழ்த் தலைவர் செல்வநாயகமும் செய்த பண்டா–செல்வா ஒப்பந்தம். 1958 ஏப்ரலில் அது இல்லை. ஒன்பது மாதம்கூட நிறையவில்லை. பிரதேச சபைகள் பற்றி அதில் எழுதியிருந்ததில் என்ன குறை என்று இன்றைக்கும் விவாதிக்கிறார்கள். என் தகப்பனார் வேறு விதமாகச் சொல்வார். கையெழுத்து வைத்த இருவரில் ஒருவர் தனியே விலகினால் என்ன செய்வது என்று அதில் இல்லை, கேட்பதற்கு ஒரு நடுவரும் இல்லை. கனாக்கரையில் விடியற் குடி நாளைக்கு “முறையை மாற்றமாட்டேன்” என்றால் மற்ற மூவரும் யாரிடம் போவார்கள்? முதலில் அதை எழுதுங்கள், யாமக் கணக்கைப் பிறகு பார்க்கலாம்.

துலாக்கால் — சனி, பின்னேரம் 4.15

பனங்கூடல் அண்ணா, படை மூத்தோர் குடியின் பக்கம் நின்றது என்றுதான் இவ்வளவு நாளும் எழுதியிருந்தோம், செத்தவர்கள்தானே எண்ணிக்கையில் கூட. ஆனால் அப்படியானால் அவர்கள் ஏன் விடியலை விட்டுக்கொடுத்தார்கள் என்பதற்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. இப்போது ஒன்று தோன்றுகிறது. அவர்கள் விடியலைக் கேட்கவே இல்லை. பிள்ளைகள் அழுதுகொண்டு எழும்பக் கூடாது என்று நடுச்சாமத்தைத் தாங்களாகவே எடுத்துக்கொண்டார்கள். அந்த நேரம் வந்தால் பிள்ளைகள் விடியமுதல் மறந்துவிடுவார்கள் அல்லவா.

அப்படியானால் மூத்தோரை அவர்கள் மனதுக்கு விரோதமாக விடியலுக்கு இழுப்பது சரியில்லை. மாதச் சுழற்சியில் அவர்களைச் சேர்க்காமல், இரண்டு இரவு மட்டும் விடியல் அவர்களுக்கு என்று வைக்கலாம். ஒன்று ஆடி அமாவாசை, தகப்பனுக்காகக் கீரிமலையில் முழுகுகிற நாள். மற்றது தாய்க்காக விரதமிருக்கிற சித்திராப் பூரணை. இந்த இரண்டு விடியலிலும் வந்தவரை நினைவோடு அனுப்பிவைக்க வேண்டியது விடியற் குடியின் கடமை. மற்றபடி நடுச்சாமம் என்றும் அவர்களுடையதே.

நடுவர் வேண்டும் என்பதை ஏற்றுக்கொள்கிறேன். நியூ ஹெப்ரிடீசில் இரண்டு நாட்டுக்கும் பொதுவான நீதிமன்றத்துக்குத் தலைவரை ஸ்பெயின் அரசர் நியமித்தார் என்று படித்திருக்கிறேன். வெளியாள் ஒருவர் வேண்டும் என்பதற்காக. கனாக்கரையில் வெளியாள் யார்? நித்திரையே கொள்ளாத ஒருவர். அது யார் என்று இன்னும் பிடிபடவில்லை.

தூரத்துப்பனி — சனி, இரவு 7.50

கனடா ஸ்காபரோவில் இருந்து எழுதுகிறேன், இங்கே காலை. உங்களுக்கும் எங்களுக்கும் கோடையில் ஒன்பதரை, குளிரில் பத்தரை மணித்தியால வித்தியாசம். நீங்கள் விடியற் கனவு காணும் நேரம் நான் வேலையால் வந்து சட்டி கழுவிக்கொண்டு நிற்பேன். நான் நித்திரைக்குப் போக அம்மா அங்கே சந்தைக்குப் போய்விடுவா. கனாக்கரை ஒன்றுதான் என்றால் நானும் அம்மாவும் அங்கே சந்திக்கவே முடியாது. ஆள் கண் மூடுகிற நேரம்தான் முதல் யாமம் என்று நீங்கள் மாற்றியதை வாசித்ததும் நெஞ்சு கொஞ்சம் லேசானது. அந்த வரியை மட்டும் எடுத்துவிடாதீர்கள்.

உறுதிக்காரி — சனி, இரவு 9.30

நொத்தாரிசு ஒருவரிடம் இருபது வருடமாகக் காணி உறுதி எழுதிக்கொண்டு இருக்கிறேன். இவ்வளவு பேரும் ஐரோப்பாவுக்குப் போய்த் தேடுகிறீர்கள். யாழ்ப்பாணத் தமிழரின் வழக்கச் சட்டமான தேசவழமை வீட்டிலேயே இருக்கிறது. 1707இல் ஒல்லாந்தர் காலத்தில் கிளாஸ் ஐசாக்ஸ் என்ற அதிகாரி தொகுத்து எழுதினதற்கு முதலே நம் ஆட்களிடம் இருந்த வழக்கம்தான் அது. பங்கு, கூட்டுரிமை, விட்டுக்கொடுப்பு எல்லாவற்றுக்கும் அதில் சொல் இருக்கிறது.

கனவிலும் முதிசம் உண்டு, சீதனம் உண்டு, தேடியதேட்டம் உண்டு. பாட்டனுக்கு வந்த கனவு பேரனுக்கு வருவது முதிசம். கலியாணம் முடித்து வந்தவள் தன் தாய்வீட்டுக் கனவைக் கொண்டு வருவது சீதனம், அதில் புருசனுக்குப் பங்கில்லை. இரண்டு பேரும் சேர்ந்து காணுகிற கனவு தேடியதேட்டம், அது இருவருக்கும் சமபாதி. உறங்குகிறவனுக்கு ஒரு வரியும் இல்லை என்று பனங்கூடல் சொன்னதற்கு இதுதான் மருந்து. கனவு அவனுடைய ஆதனம் என்று முதலில் எழுதுங்கள். குடிகள் ஆளட்டும், உரிமை அவனுக்கு இருக்கட்டும்.

யாமத்தை அறுதியாக விற்க ஒரு குடிக்கும் உரிமை இருக்கக் கூடாது. ஒற்றி வைக்கலாம். ஒற்றியில் காணியை வாங்கினவர் வட்டிக்குப் பதிலாக விளைச்சலை எடுப்பார், காணி என்றும் சொந்தக்காரருடையது, காசைக் கட்டினால் மீட்கலாம். ஒற்றி வைப்பதென்றாலும் பங்காளிக்கு முதலில் சொல்லவேண்டும். விற்பனை என்று வந்தால் பங்காளிக்குத் தெரிவிக்காமல் வெளியாளுக்குக் கொடுத்த காணிக்காக நம் ஊரில் எத்தனை வழக்கு நடந்தது என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

வெள்ளாப்பு — ஞாயிறு, காலை 5.05

நான் இங்கே வாசிப்பதோடு சரி, எழுதுவதில்லை. உறுதிக்காரி அக்கா எழுதினதை வாசித்தபின் கேட்காமல் இருக்க முடியவில்லை.

நாங்கள் யாழ்ப்பாணத்து வலிகாமம் வடக்கு. 1990இல் போரால் ஊரை விட்டு வெளிக்கிட்டோம், நான் கைக்குழந்தை. அம்மா அதற்குப் பிறகு ஏழு வீடு மாறினா. எந்த வீட்டில் படுத்தாலும் அவவுக்கு ஒரே கனவுதான். பழைய வளவில் முற்றம் கூட்டுகிறா. ஈர்க்குத் தடிப் பிடி கையில் இருக்கும். பிலாவிலையை ஒரு பக்கம், மண்ணை ஒரு பக்கம் ஒதுக்குவா. கிணற்றடி வரை கூட்டிக்கொண்டு போவா, அங்கே முழிப்பு வந்துவிடும். ஒவ்வொரு முறையும் விடியப்புறத்தில்தான். எழும்பி அந்த மங்கலிலேயே இருக்கிற வீட்டு முற்றத்தைக் கூட்டத் தொடங்குவா. நான் அந்தச் சத்தத்தில் எழும்பி வளர்ந்தவள்.

காணி திரும்பக் கிடைத்தபோது அம்மாவை அழைத்துக்கொண்டு போனேன். வீடு இருந்த அடையாளமே இல்லை. பிலா இல்லை. கிணறு தூர்ந்து, நடுவில் ஒரு ஆமணக்கு நின்றது. அம்மா ஒன்றும் சொல்லவில்லை. அன்றைக்கிருந்து அந்தக் கனவு அவவுக்கு வருவதில்லை. இப்போது நித்திரையும் குறைவு. மூன்று மணிக்கே எழும்பிக் கதிரையில் இருக்கிறா.

கனாக்கரையில் அந்த முற்றம் யாருக்குப் போயிருக்கும்? போகாமல் விட்டால் போய்விடுமா?

சாமக்கோழி — ஞாயிறு, காலை 7.40

அக்கா, கடமை முடிந்து வந்து வாசித்தேன். எனக்குத் தெரிந்ததை மட்டும் சொல்கிறேன். கண்ணசைவு நித்திரை இல்லாமல் போன ஆளுக்கு, நித்திரை திரும்பக் கிடைக்கும்போது அது வழமையைவிடக் கூடுதலாக வரும். உடல் அந்தக் கடனை மறப்பதில்லை, அடுத்த இரவுகளில் வசூலித்துவிடும். அம்மா மூன்று மணிக்கு எழும்பினால் அவவிடமிருந்து போவது அந்த விடியற் பங்குதான். வயதும் ஒரு காரணம். ஆனால் ஒரு வைத்தியரிடம் நித்திரையைப் பற்றிக் கதைத்துப் பாருங்கள்.

உறுதிக்காரி — ஞாயிறு, காலை 8.30

பிள்ளை, நீ கேட்டது சட்டக் கேள்வி. சட்டத்தால் பதில் சொல்கிறேன்.

ஒருவருடைய காணியை இன்னொருவர் அவரது உரிமையை ஏற்காமல், தடையில்லாமல் பத்து வருடம் ஆண்டனுபவித்தால் அது ஆண்டவருக்கே போய்விடலாம் என்று 1871ஆம் ஆண்டு ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம் சொல்கிறது. போரில் ஓடினவர்களின் காணிக்கு இது பெரிய இடியாக இருந்தது. அவர்கள் விரும்பி விட்டுப் போகவில்லையே. அதனால் 2016இல் ஒரு விசேட சட்டம் கொண்டுவந்தார்கள், 5ஆம் இலக்கச் சட்டம். 1983 மே 1இலிருந்து 2009 மே 18 வரை, அந்தச் சூழ்நிலையால் காணிக்குப் போக முடியாமல் இருந்தவருக்கு எதிராக அந்தக் காலத்தைக் கணக்கில் எடுக்கக் கூடாது என்றது அது.

கனாக்கரைக்கும் அப்படியொரு பிரிவு வேண்டும். அந்த முற்றம் உன் அம்மாவின் ஆதனம். அவ நித்திரை கொள்ளாமல் இருந்தது அவவின் குற்றமில்லை. பங்கருக்குள் இருந்த இரவையும், பாயைச் சுருட்டிக்கொண்டு ஓடின இரவையும், கதிரையில் இருக்கிற இந்த இரவையும் ஒரு குடியும் ஆட்சிக் கணக்கில் சேர்க்கக் கூடாது.

துலாக்கால் — ஞாயிறு, பகல் 1.15

காலையிலிருந்து இதையேதான் எழுதி எழுதி அழித்துக்கொண்டு இருக்கிறேன். இன்றைக்குத் திண்ணையில் வாசிக்கப்போகிற வடிவம் கீழே. பழைய உடன்படிக்கை உடைந்த பிறகு நான்கு குடியும் திரும்பக் கூடி எழுதுகிறது. துரோகி என்று ஒருவரும் கதையில் வரமாட்டார்.

“கண் மூடும் நேரமே முதல் யாமம். எந்த ஊரில் மூடினாலும் அதுவே. மாலைக் குடி, ஆழக் குடி, விடியற் குடி மூவரின் முறையும் பூரணைக்குப் பூரணை சுழலும். நடுச்சாமம் மூத்தோருக்கு. ஆடி அமாவாசையிலும் சித்திராப் பூரணையிலும் விடியலும் அவர்களுக்கே.

கனவு உறங்குகிறவரின் ஆதனம். குடிகள் அதை ஆளலாம், உரிமை கொண்டாடக் கூடாது. யாமத்தை ஒற்றி வைக்கலாம், அறுதியாக விற்கக் கூடாது.

ஒரு குடி தனியே விலகினால் அதன் யாமம் மற்றவர்களுக்குச் சேராது, உறங்குகிறவரிடமே போகும். பிணக்கு வந்தால், அன்றிரவு நித்திரை வராமல் விழித்திருக்கிற ஒருவரிடம் போய்க் கேட்க வேண்டும். அவர் சொல்வதே முடிவு.

நித்திரை வராத இரவுகள் எவருக்கும் எதிராக எண்ணப்படமாட்டா. போகாத வளவு போகாதவருக்கே இருக்கும். அவர் திரும்பி வரும் விடியலில், எத்தனை வருடம் சென்றிருந்தாலும், விட்ட இடத்திலிருந்து கூட்டலாம்.”

நடுவரை நேற்று முழுக்கத் தேடினேன். வெள்ளாப்பு, உங்கள் அம்மா கதிரையில் இருக்கிறா என்று வாசித்தபோதுதான் ஆள் யார் என்று தெரிந்தது. கேட்காமல் எழுதிவிட்டேன், சம்மதமா?

ஒழுங்கைமுனை — ஞாயிறு, பகல் 2.00

விலகினவனுடைய யாமம் உறங்குகிறவனிடம் போகும் என்றால் விலகுவதில் ஒருவனுக்கும் லாபமில்லை. இது நிற்கும்.

பனங்கூடல் — ஞாயிறு, பகல் 2.25

ஆழக் குடி விடியலில் நிற்கிற மாதத்தில் ஊரில் ஒருவருக்கும் கனவு நினைவிருக்காது. அதைக் கதையில் ஒரு அத்தியாயமாகவே எழுதுங்கள். கனவில்லாத ஒரு மாதத்துச் சனம் எப்படி எழும்பும், சந்தையில் என்ன கதைக்கும் என்று வாசிக்க ஆசையாக இருக்கிறது.

வெள்ளாப்பு — ஞாயிறு, பின்னேரம் 5.45

அம்மாவுக்கு முழுதும் வாசித்துக் காட்டினேன். குடிகள், யாமம் எல்லாம் சொல்லி விளங்கப்படுத்த வேண்டியிருந்தது, ஆனால் கடைசிப் பந்தியைச் சொல்லி விளங்கப்படுத்தத் தேவைப்படவில்லை. திரும்ப வாசிக்கச் சொன்னா. வாசித்தேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “வளவு சரி. கிணத்துப் பங்கும் எழுதினவையோ?” என்று கேட்டா.

நடுவர் விசயமும் கேட்டேன். “முழிச்சுத்தானே இருக்கிறன், வந்து கேக்கச் சொல்லு” என்றா.

துலாக்கால் — ஞாயிறு, பின்னேரம் 5.58

திண்ணையில் எல்லாரும் வந்துவிட்டார்கள், வாசிக்கத் தொடங்கவில்லை. கடைசி வரியை இப்படி மாற்றிவிட்டேன். அம்மாவிடம் சொல்லுங்கள்.

“போகாத வளவு, அதில் நிற்கும் பயன்மரம், கிணற்றுப் பங்கு, வழி வாய்க்கால் பாதை உட்பட, போகாதவருக்கே இருக்கும்.”